பிறப்பதற்கு முன்பே போட்ட ஊசி

ஜெலுத்தோங், பினாங்கு
9.3.1992

திருமதி ருக்குமணி அவர்களுக்கு,

வணக்கம். என் பெயர் கனகேஸ்வரி. ஜார்ஜ்டவுனில் ஒரு காப்புறுதி அலுவலகத்தில் கணக்கும் தட்டச்சும் பார்க்கும் கிராணியாக இருக்கிறேன். உங்களை எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளும் ஆசையில் இதை எழுதவும் இல்லை.

சென்ற மாதம் 15ஆம் தேதி, டத்தோ கெராமாட் சாலையில் பழனியப்பன் என்பவர் நடத்தும் செல்லப்பிராணிக் கடையில் ஒரு ஸ்பிட்ஸ் நாய்க்குட்டி வாங்கினேன். ஆண். உடம்பெல்லாம் வெள்ளை, இடது காது மட்டும் பழுப்பு. விலை நானூற்று ஐம்பது வெள்ளி. இரண்டு மாதக் குட்டி, ஆஸ்திரேலியாவிலிருந்து விமானத்தில் வந்தது, இரண்டு தடுப்பூசியும் போட்டாகிவிட்டது என்று சொல்லி, மருத்துவர் கையெழுத்திட்ட அட்டை ஒன்றையும் கொடுத்தார்.

நாய் வேண்டவே வேண்டாம் என்று ஒரு மாதமாகச் சண்டை பிடித்த என் அப்பாதான் அதற்குப் பெயர் வைத்தார். வெளிநாட்டிலிருந்து வெள்ளையாக வந்திருக்கிறதே என்று ‘துரை’ என்று கூப்பிட்டார். நான்காம் நாள் துரை சாப்பிடவில்லை. ஐந்தாம் நாள் வாந்தி. பிறகு இரத்தமாகப் போக ஆரம்பித்தது. டாக்டர் ஷேக் அலாவுதீன் பார்வோ நோய் என்றார். மூன்று நாள் மருந்துநீர் ஏற்றினார். 23ஆம் தேதி, ஞாயிறு மத்தியானம், அப்பாவின் மடியில் அது செத்துப்போனது.

கடைக்குப் போய்க் கேட்டேன். “நாய்க்குட்டிதான மேடம், சில சமயம் செத்துப்போவும்லா” என்றார் அந்த மனிதர். பயனீட்டாளர் சங்கம் மூலமாகப் புகார் அனுப்பினேன். போன வாரம் பதில் வந்தது. அதில் ஆஸ்திரேலியாவைக் காணோம். ‘நோய்கொண்ட குட்டியை என்னிடம் கொடுத்தவர் நிபோங் திபால் தோட்டத்து ருக்குமணி, அவரையே கேட்டுக்கொள்ளவும்’ என்று உங்கள் விலாசத்தோடு எழுதியிருக்கிறார்.

அதனால் கேட்கிறேன். சாகப்போகிற குட்டியை விற்க உங்களுக்கு எப்படி மனம் வந்தது? மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் சிறு கோரிக்கை வழக்குப் போடப் போகிறேன். உங்கள் பெயரையும் சேர்ப்பதா என்பது நீங்கள் எழுதும் பதிலைப் பொறுத்தது.

இப்படிக்கு,
க. கனகேஸ்வரி


நிபோங் திபால்
16.3.1992

கனகேஸ்வரி அம்மாவுக்கு ருக்குமணி எழுதுவது.

உங்கள் கடிதம் தோட்ட ஆபீசுக்கு வந்தது. டைப் அடித்த விலாசத்தைப் பார்த்ததும் எங்கள் கிராணி பிரித்துப் படித்துவிட்டார். நான் நோய் நாய் விற்றவள் என்று மத்தியானத்துக்குள் லயத்து வீடு அத்தனைக்கும் தெரிந்துவிட்டது. உங்களுக்கு நன்றி. இனிமேல் எழுதுவதாக இருந்தால் தமிழ்ப்பள்ளி ஜெயலெட்சுமி டீச்சர் பேருக்கு எழுதுங்கள்.

நீங்கள் சொல்லும் குட்டியை எனக்குத் தெரியும். இடது காது பழுப்பு. நான்கில் மூன்றாவதாகப் பிறந்தது, பால் குடிக்கும்போது மற்றதை மிதித்துக்கொண்டு முன்னால் போகும். பிப்ரவரி 12ஆம் தேதி பழனியப்பன் வேனை அனுப்பினான். நான்கையும் பிஸ்கட் பெட்டியில் வைத்துக் கொடுத்தேன். நான்கும் நன்றாக இருந்தன. என் பிள்ளைகள் மேல் சத்தியம். அவன் கடைக் கூண்டில் என்ன நோய் இருந்தது என்று அவனைக் கேளுங்கள். பத்து இடத்துக் குட்டிகளை ஒரே கூண்டில் போடுகிறவன் அவன் என்று வேன் டிரைவரே சொல்லியிருக்கிறான்.

விமானமாம். வேன் ஆட்டத்துக்கே அது இரண்டு தடவை வாந்தி எடுத்ததாம், டிரைவர் சொன்னான். லயத்துக் குசினி அடுப்புக்குப் பின்னால் பிறந்ததை நீங்கள் துரை என்று கூப்பிட்டீர்களா? படித்துவிட்டுச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

நானூற்று ஐம்பது என்று நிஜமாகவே எழுதியிருக்கிறீர்களா, இல்லை கை தவறி எழுதிவிட்டீர்களா? எனக்கு அவன் கொடுத்தது குட்டிக்கு நாற்பது. குட்டிகளின் தாய், முன்னால் எஸ்டேட்டில் இருந்த மானேஜர் ஊருக்குப் போகும்போது விட்டுவிட்டுப் போன நாய். அதை வைத்துத்தான் என் இரண்டு பெண்களுக்கும் வருஷா வருஷம் பள்ளிக்கூடச் சட்டையும் சப்பாத்தும் வாங்குகிறேன்.

ஊசி எதுவும் நான் போட்டதில்லை. ஐந்து வாரக் குட்டிக்கு யார் ஊசி போடுவார்கள்? அந்த அட்டையில் யார் கையெழுத்துப் போட்டார்களோ, அவர்கள் பேரைச் சேருங்கள் உங்கள் கேசில்.

ருக்குமணி


ஜெலுத்தோங்
22.3.1992

திருமதி ருக்குமணி அவர்களுக்கு,

கடிதம் உங்கள் கைக்கு வரும் முன்பே பிறர் படித்ததற்கு மன்னிக்க வேண்டும். அலுவலகத் தட்டச்சில் விலாசம் அடித்தது என் தவறு. ஆனால் மற்றதற்கு மன்னிப்புக் கேட்க எனக்கு இன்னும் மனம் வரவில்லை.

ஐந்து வாரம் என்று எழுதியிருக்கிறீர்கள். அதைப் படித்துவிட்டு அட்டையை எடுத்துப் பார்த்தேன். முதல் தடுப்பூசி ஜனவரி 4. இரண்டாவது ஜனவரி 25. பிப்ரவரி 12இல் ஐந்து வாரம் என்றால் அந்தக் குட்டி பிறந்தது எப்போது? எனக்குச் சரியான தேதி வேண்டும். டாக்டர் ஷேக் அலாவுதீனிடமும் அட்டையைக் காட்டினேன். அதில் முத்திரை குத்தியிருக்கும் பெயரில் பினாங்கில் ஒரு கால்நடை மருத்துவரே கிடையாது என்கிறார்.

இன்னொன்றையும் அவர் சொன்னார். ஐந்து வாரத்தில் தாயிடமிருந்து பிரிக்கும் குட்டிக்கு எதிர்த்து நிற்கும் சக்தியே இருக்காதாம். எட்டு வாரமாவது வைத்திருக்க வேண்டுமாம். இது உங்களுக்குத் தெரியாதா? பழனியப்பன் பொய்யன் என்றால் நீங்கள் மட்டும் என்ன? பால் குடிக்கிற குட்டியைப் பிடுங்கிப் பெட்டியில் வைத்தது உங்கள் கைதானே?

வழக்கைப் பதிந்துவிட்டேன். எதிரி பழனியப்பன் மட்டும். குட்டி பிறந்த தேதியையும், ஊசி போடவில்லை என்பதையும் உங்கள் கைப்பட எழுதி அனுப்புங்கள். அப்பா தினமும் தபால்பெட்டியைத் திறந்து பார்க்கிறார். இரயில்வேயில் முப்பது வருஷம் வேலை செய்தவர். “பிள்ளை, பொய்யாச் சீல் குத்தினவனைச் சும்மா விடக் கூடாது” என்று சாப்பிடும்போதுகூடச் சொல்கிறார்.

கனகேஸ்வரி


நிபோங் திபால்
5.4.1992

அம்மாவுக்கு,

நீங்கள் கேட்டதை என்னால் எழுதித் தர முடியாது. ஏன் என்று சொல்லிவிடுகிறேன், அதற்கப்புறம் எனக்கு எழுத வேண்டாம்.

ஐந்து வாரம் தப்பு என்று எனக்குத் தெரியும். தாய் நாய் மூன்று நாள் பெட்டி இருந்த இடத்தை மோந்துகொண்டே திரியும், அதைப் பார்த்துக்கொண்டுதான் நான் பால்மரம் வெட்டவும் செம்பனைப் பழம் பொறுக்கவும் போய் வந்தேன். எட்டு வாரம் வைத்துக்கொள்கிறேன் என்று முதல் ஈற்றிலேயே பழனியப்பனிடம் சொன்னேன். “வளந்துட்டா எவன்லா வாங்குவான்? பொம்ம மாதிரி இருந்தாத்தான் போவும்” என்றான். நான் வாயை மூடிக்கொண்டேன். போன வருஷம் இரண்டு குட்டி செத்துப்போனது என்று அடுத்த ஈற்றுப் பணத்தில் பிடித்துக்கொண்டான். அப்போதும் மூடிக்கொண்டுதான் இருந்தேன். நீங்கள் எழுதியது எனக்கு உறைக்காமல் இல்லை.

போன வாரம் பழனியப்பன் காரில் வந்தான். ஒரு தாளை நீட்டினான். மலாயில் டைப் அடித்திருந்தது. மலாய் பேசுவேனே தவிர, அந்த மாதிரி ஆபீஸ் மலாயைப் படித்துப் புரிந்துகொள்ள எனக்குத் தெரியாது. “குட்டி ஓங்கிட்ட இருந்துதான் வந்துச்சுன்னு எழுதியிருக்கு, அவ்ளோதான். கையெழுத்துப் போடு. போடலன்னா இனிமே ஓங்கிட்ட ஒரு குட்டியும் எடுக்க மாட்டேன்” என்றான். தாய் நாய் மறுபடி சினையாக இருக்கிறது. போட்டுவிட்டேன்.

இரண்டு பெரிய மனுஷர்கள் சண்டையில் என்னை ஏன் இழுக்கிறீர்கள்? உங்களுக்கு மாதச் சம்பளம் இருக்கிறது. ஒரு குட்டி போனால் இன்னொன்று வாங்குவீர்கள்.

ருக்குமணி


ஜெலுத்தோங்
13.4.1992

ருக்குமணி,

வெள்ளிக்கிழமை வழக்கு முதல்முறையாக நீதிமன்றத்தில் எடுக்கப்பட்டது. பழனியப்பன் தன் பக்கத்து ஆவணமாக ஒன்றே ஒன்றைத்தான் கொடுத்திருக்கிறார். அது நீங்கள் கையெழுத்துப் போட்ட தாள். அதன் நகலை இதோடு வைத்திருக்கிறேன். ஜெயலெட்சுமி டீச்சரிடம் காட்டி ஒவ்வொரு வரியாகப் படித்துக் கேளுங்கள். என்னை நம்ப வேண்டாம், அவரை நம்புங்கள்.

அதில் என்ன எழுதியிருக்கிறது தெரியுமா? குட்டி டிசம்பர் 14இல் பிறந்தது என்று எழுதியிருக்கிறது. தடுப்பூசி போட்டது நீங்கள், அட்டையை வாங்கிக் கொடுத்தது நீங்கள் என்று எழுதியிருக்கிறது. குட்டிக்கு உடம்பு சரியில்லை என்று தெரிந்தும் கடைக்காரரிடம் மறைத்தீர்களாம். எந்த நஷ்டம் வந்தாலும் முழுப் பொறுப்பு உங்களுடையதாம். கீழே உங்கள் கையெழுத்து. உங்கள் அடையாளக் கார்டு எண்.

உங்கள் மேல் இருந்த கோபத்தில் பாதி அந்த இடத்திலேயே போய்விட்டது. மீதிப் பாதி இன்னும் இருக்கிறது, மறைக்கவில்லை. இந்தத் தாளை வைத்து நான் உங்கள் மேல் வழக்குப் போட்டால் சுலபமாக ஜெயிப்பேன். அந்த மனிதர் எதிர்பார்ப்பதும் அதைத்தான். நீதிமன்ற வாசலில் என்னிடம் வந்து, “அந்தத் தோட்டத்துப் பொம்பளைய புடிங்க மேடம், நம்ம ரெண்டு பேரையும் ஏமாத்திட்டா” என்றார். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. அவர் முகத்தைப் பார்க்கவே பிடிக்காமல் நடந்துவிட்டேன்.

உங்கள் கடைசி வரிக்கும் பதில் சொல்லிவிடுகிறேன். நான் இன்னொன்று வாங்கவில்லை. வாங்கவும் முடியவில்லை. இதுவரை யாரிடமும் சொல்லாத ஒன்றை உங்களிடம் சொல்கிறேன். துரை வந்த மறுநாள் அதன் மேல் கூண்டு நாற்றம் அடித்தது என்று குளிப்பாட்டினேன். அன்றைக்கு மழை. அது நடுங்கியது. டாக்டர், பார்வோ குளிப்பாட்டினதால் வருவதில்லை என்று மூன்று தடவை சொல்லிவிட்டார். ஆனாலும் அந்த நடுக்கம் என் உள்ளங்கையிலேயே இருக்கிறது. எனக்கும் வாயை மூடிக்கொண்டிருக்கத் தெரியும், பாருங்கள்.

விசாரணை மே 11, காலை ஒன்பது மணி.

கனகேஸ்வரி


நிபோங் திபால்
21.4.1992

கனகேஸ்வரி அக்காவுக்கு,

டீச்சர் படித்துக்காட்டினார். டிசம்பர் 14 என்றதும் எழுந்துவிட்டேன். அந்தக் குட்டிகள் ஜனவரி 7 செவ்வாய்க்கிழமை பிறந்தவை. ஒவ்வொரு ஈற்றுக்கும் காலண்டரில் வட்டம் போட்டு எத்தனை ஆண், எத்தனை பெண் என்று எழுதி வைப்பேன். வட்டம் அப்படியே இருக்கிறது. அப்படியென்றால் உங்கள் அட்டையில் இருக்கும் முதல் ஊசியை, பிறப்பதற்கு மூன்று நாள் முன்னாலேயே போட்டிருக்கிறார்கள். தாய் வயிற்றுக்குள் கையை விட்டா போட்டான்?

மறுநாள் வேலைக்குப் போகவில்லை. பட்டர்வொர்த்துக்கு பஸ் பிடித்து, பினாங்குக்கு ஃபெரி ஏறி அவன் கடைக்கே போனேன். இத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூட அந்தக் கடையை நான் பார்த்ததில்லை, வேன்தான் வரும். கண்ணாடிப் பெட்டிக்குள் காகிதத்தைக் கிழித்துப் போட்டு ஆறு குட்டி. மேலே ‘ஆஸ்திரேலியா’ என்று அட்டை, கங்காரு படத்தோடு. ஓரத்தில் ஒன்று கண்ணெல்லாம் பீளையாகப் படுத்திருந்தது.

“என்னா ருக்கு, இவ்ளோ தூரம்?” என்றான்.

“நான் கையெழுத்துப் போட்ட தாள குடுங்க.”

“அது கோர்ட்டுக்குப் போயிருச்சு.”

“அதுல இருக்கிறது அத்தனையும் பொய். நான் எப்ப ஊசி போட்டேன்?”

கடையில் ஒரு சீனக் குடும்பம் குட்டி பார்த்துக்கொண்டு நின்றது. அவன் குரலைத் தாழ்த்தினான். “கத்தாதலா. இது பிசினஸ். ஒரு குட்டி செத்தா அவங்க இன்னொன்னு வாங்குவாங்க. ஒனக்கு என்னா நஷ்டம்? ஒன்ன என்னா ஜெயில்லயா போடப் போறாங்க?”

நான் அந்தச் சீன அம்மாவிடம் மலாயில் சொன்னேன். இந்தக் குட்டிகள் வெளிநாட்டிலிருந்து வந்தவை இல்லை, என்னைப் போன்ற ஆட்களிடம் நாற்பது வெள்ளிக்கு வாங்கியது, ஓரத்தில் இருப்பதற்கு நோய், வாங்காதீர்கள் என்று. அந்த அம்மா பையனின் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே போய்விட்டார். பழனியப்பன் என் தோளைப் பிடித்துத் தள்ளினான். படியில் விழுந்ததில் முட்டி தேய்ந்துவிட்டது. பெரிய காயம் இல்லை.

வருகிறேன் அக்கா. காலண்டரையும் சுருட்டி எடுத்துக்கொண்டு வருகிறேன். அங்கே மலாயில் பேசினால் போதுமா என்று மட்டும் எழுதுங்கள். ஒன்பது மணிக்கு வர எந்த பஸ்ஸில் ஏற வேண்டும் என்று எனக்கே தெரியும்.

குளிப்பாட்டியதை நினைத்து மருகாதீர்கள். நான்தான் அதைக் குளிருக்கு ஒண்ட விடாமல் தாயிடமிருந்து எடுத்தேன்.

ருக்குமணி


நிபோங் திபால்
14.5.1992

அக்காவுக்கு,

அன்றைக்கு உங்களிடம் சரியாகச் சொல்லிக்கொள்ளாமல் பஸ்ஸுக்கு ஓடிவிட்டேன். கோபம் என்று நினைத்திருப்பீர்கள். கோபம் இல்லை. ஒரு மாதிரி கூச்சம். உங்களை நான் உயரமாக, கண்ணாடி போட்டு, மிடுக்காக நினைத்து வைத்திருந்தேன். நீங்கள் என்னைவிடக் குள்ளம். உங்கள் அப்பா ஒரு பை நிறைய வடை கொண்டுவந்து, “சாப்பிடு பிள்ளை, வெறும் வயிற்றோட சாட்சி சொல்லக் கூடாது” என்றதும் எனக்கு அழுகை வந்துவிட்டது.

மாஜிஸ்திரேட் அந்த அம்மா காலண்டரை விரித்துப் பார்த்தபோது பழனியப்பன் சிரித்தான், கவனித்தீர்களா? அவர் நிமிர்ந்து பார்த்ததும் சிரிப்பை நிறுத்தினான். அதற்கப்புறம் அவன் என்னைக் கேட்ட கேள்விதான் இன்னும் காதில் இருக்கிறது. அஞ்சு வாரத்தில் கொடுப்பது தப்பு என்று உனக்குத் தெரியுமா தெரியாதா என்று கேட்டான். தெரியாது என்று சொன்னால் நான் தப்பித்திருப்பேன், அவனும் என்னை ஒன்றும் தெரியாதவள் என்று தள்ளிவிட்டிருப்பான். நீங்கள் என்னைப் பார்த்தீர்கள். உங்கள் முகத்துக்காகச் சொல்லவில்லை. “தெரியும், தெரிஞ்சுதான் குடுத்தேன், அதனாலதான் இங்க நிக்கிறேன்” என்று சொன்னேன். மலாயில் அது அவ்வளவு அழகாக வரவில்லை. ஆனால் மாஜிஸ்திரேட் அதை எழுதிக்கொண்டார்.

அவன் இனி என்னிடம் வாங்க மாட்டான். கிராணி, கோர்ட்டுக்குப் போனவள் என்று கேலி செய்கிறார். செய்யட்டும். தீர்ப்பு என்ன ஆனாலும் எழுதுங்கள்.

ருக்குமணி


ஜெலுத்தோங்
22.6.1992

அன்புள்ள ருக்குமணிக்கு,

தீர்ப்பு வந்துவிட்டது. ஜெயித்துவிட்டோம். குட்டியின் விலையையும் டாக்டர் செலவையும் முழுக்கக் கொடுக்கச் சொல்லி உத்தரவு. அட்டையையும் நீங்கள் படிக்காமல் கையெழுத்துப் போட்ட தாளையும் நம்ப முடியாது, உங்கள் காலண்டரையும் உங்கள் வாக்குமூலத்தையும் நம்புகிறேன் என்று மாஜிஸ்திரேட் வாசித்தபோது அப்பா சத்தமாக “சரி!” என்றார். அமைதியாக இருக்கும்படி போலீஸ்காரர் அதட்டினார்.

ஆனால் நான் சந்தோஷமாக இல்லை. போலி முத்திரை குத்தியது குற்றம் என்றால் போலீசில் தனியாகப் புகார் கொடுங்கள், அது இந்த வழக்கில் வராது என்று சொல்லிவிட்டார்கள். பழனியப்பன் பணத்தைக் கட்டிவிட்டு என்னைத் தாண்டிப் போகும்போது, “ஒரு கேஸ் தான மேடம்” என்றார். அந்த வார்த்தையை நான் வீட்டுக்குக் கொண்டுவந்து நான்கு நாள் மென்றேன்.

போலீசில் புகார் கொடுத்துவிட்டேன். வாங்கவே மாட்டோம் என்றார்கள், நானும் அப்பாவும் நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. வழக்கைப் பற்றித் தமிழ்ப் பத்திரிகையில் உள்பக்கத்தில் எட்டு வரி வந்தது. அதைப் பார்த்துவிட்டு, பாயான் பாருவில் தொழிற்சாலையில் வேலை செய்யும் ஒரு பெண் அலுவலகத்துக்கே என்னைத் தேடி வந்தாள். கையில் இதே அட்டை. இதே முத்திரை. மறுநாள் ஒரு வாத்தியார். அதற்கடுத்து நூர்ஜான் என்ற நர்ஸ் சொல்லி, அவர் ஆஸ்பத்திரியில் வேலை செய்யும் இரண்டு சீனப் பெண்கள். இப்போது ஏழு பேர். ஏழு குட்டியும் உயிரோடு இல்லை. எல்லாருக்கும் ‘சில சமயம் செத்துப்போவும்’ என்றுதான் பதில் கிடைத்திருக்கிறது.

ஏழு பேரும் வழக்குப் போடத் தயார். ஆனால் குட்டிகள் எங்கே பிறந்தவை, எப்போது பிறந்தவை என்று அவர்களுக்கு எதுவும் தெரியாது. வாங்கிய தேதியோடு அவர்கள் எடுத்த படங்களை அனுப்புகிறேன். உங்களிடமிருந்து போனது ஏதாவது இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் இல்லை என்று எழுதுங்கள். ஏற்கெனவே உங்களால் முடிந்ததற்கு மேல் செய்துவிட்டீர்கள். இதற்குமேல் கேட்க எனக்கு நாக் கூசுகிறது.

அன்புடன்,
அக்கா கனகேஸ்வரி


நிபோங் திபால்
29.6.1992

அக்காவுக்கு,

படங்களைச் சாப்பாட்டு மேசையில் பரப்பி வைத்து, பழைய காலண்டர்களையும் எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். என் பெரிய பெண் உதவிக்கு வந்தாள். கொஞ்ச நேரத்தில் அவள் எழுந்து வெளியே போய்விட்டாள்.

ஏழில் ஐந்து என்னுடையவை.

வாத்தியார் வீட்டுக் குட்டி, வாலில் கருப்பு உள்ளது, போன வருஷம் ஏப்ரல் 2இல் பிறந்தது. முப்பத்து நான்கு நாளில் கொடுத்தேன். சிவப்பு ரிப்பன் கட்டியிருக்கும் பெண் குட்டி அதனுடன் பிறந்தது. பாயான் பாரு பெண் மடியில் வைத்திருப்பது துரையின் தங்கை, கடைசியாகப் பிறந்தது, முப்பத்தாறு நாள். அந்தப் பெண் எவ்வளவு சிரிப்போடு வைத்திருக்கிறாள். ஆஸ்பத்திரிச் சீனப் பெண்கள் இரண்டு பேரும் வாங்கியவை 1990 தீபாவளிக்கு முந்தின வாரம் பிறந்தவை, அவற்றில் ஒன்றை நான் புட்டியில் பால் கொடுத்துக் காப்பாற்றினேன், காப்பாற்றி அவனிடம் கொடுத்தேன். மற்ற இரண்டும் எனக்குத் தெரியாதவை. வேறு ஒரு ருக்குமணி எங்கேயோ இருக்கிறாள், கண்டுபிடியுங்கள். அவளிடமும் ஒரு தாள் கையெழுத்து வாங்கியிருப்பான்.

தேதிகளைத் தனித் தாளில் எழுதி, டீச்சரைச் சாட்சிக் கையெழுத்துப் போடச் சொல்லி, இதோடு வைத்திருக்கிறேன். தாய் நாய் போன மாதம் ஈன்றது. பழனியப்பனுக்குப் பதிலாக இன்னொரு கடைக்காரன் ஆள் அனுப்பினான். குட்டிகள் கண் திறந்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை. திருப்பி அனுப்பிவிட்டேன்.

நீங்கள் கேட்கக் கூசுவதை நானே சொல்கிறேன். ஐந்து கேசுக்கும் நான் சாட்சி. சம்பளம் போனால் போகட்டும். வக்கீல் யாராவது, எல்லாவற்றையும் ஒரே நாளில் போட்டால் எனக்கு அலைச்சல் மிச்சம் என்று சொன்னால் கேட்காதீர்கள். ஒரே நாளில் போட்டால் அவன் ஒரு நாள் தலையைக் குனிந்துவிட்டுப் போய்விடுவான். தனித்தனியாகவே போடச் சொல்லுங்கள். ஒவ்வொன்றுக்கும் வருகிறேன்.

ருக்குமணி